முகமும் வேடமும்

திருத்தணி மலையின் 365 படிகளை ஏறி, முடியைக் காணிக்கையாக்கும் அன்பர்கள் பலர். அழகென்று பேணியதை இறைவன் திருமுன் களையும் நேர்ச்சை அது. நம் வேளாங்கண்ணியிலும் அது உண்டு. மழித்த தலையை உள்ளபடியே படமெடுத்து உறவினர்க்கு அனுப்பும் அதே கைப்பேசிதான், நம் இளையோரின் கரிய முகத்தை வெளுப்பாக்கியும் காட்டுகிறது. இவ்வாறு திரையில் நம்மையே புனைந்துகொள்வது பொய்யாகுமா?

நடிப்பெல்லாம் பொய்யன்று. புனித அகுஸ்தீனார் தம் 'சொலிலோக்வியா' என்னும் உரையாடல் நூலில் ரோமை நடிகர் ரோசியுசைச் சான்று காட்டுகிறார். எக்குபா அரசியாக மேடையேறிய அவர் பொய்யான எக்குபா. ஆனால் மெய்யான நடிகர். காண்போரும் அதை அறிவர். ஆகவே அங்கு வஞ்சகம் இல்லை.

பெங்களூர்க் கலைஞர் புஷ்பமாலா, 2000 முதல் 2004 வரை கிளேர் ஆர்னியுடன் இணைந்து உருவாக்கிய புகைப்படத் தொடரில் தென்னிந்தியப் பெண்ணின் பல கோலங்களைத் தாமே புனைந்தார். இரவிவர்மாவின் இலக்குமியாகவும், வேளாங்கண்ணி அன்னையாகவும் நின்றார். நம்முள் சிலர்க்கு இது உறுத்தலாம். ஆயினும் அவர் எவரையும் ஏமாற்றவில்லை. பெண்ணை உலகம் எத்தனை அச்சுகளில் வார்க்கிறது என்பதையே காட்டினார்.

அர்ஜென்டினாவில் பிறந்த அமாலியா உல்மன் இதனினும் துணிந்தார். பெருநகருக்கு வந்த பெண்ணொருத்தி ஆடம்பரத்தில் சீரழிந்து, அறுவை சிகிச்சையால் அழகைக் கூட்டி, பின்னர் திருந்துவதாக 2014-இல் பல மாதங்கள் இன்ஸ்டகிராமில் தம் படங்களாலேயே கதை சொன்னார். அச்சிகிச்சை நடக்கவே இல்லை. பலர் நம்பினர். இறுதியில் அது நாடகமென வெளிப்படுத்தினார். 2016-இல் இலண்டன் டேட் மாடர்ன் கலைக்கூடத்தில் அப்படங்கள் இடம்பெற்றன. ஏமாற்று அங்கே இருந்தது. ஆனால் திரை விலகியது.

நம் அன்றாட நாடகத்திற்கோ இறுதிக் காட்சி இல்லை. நாளடைவில் நடிப்பவரே தம் வேடத்தை நம்பிவிடுகிறார். கண்ணாடியில் தெரியும் சொந்த முகம் அவருக்கு அவமானமாகிறது. பிறரை ஏமாற்றுவதினும் கொடியது இது. இறைவன் தம் சாயலாகப் படைத்ததை மனிதர் தாமே மறுதலிப்பதன்றோ?

ஆண்டவர் கடிந்துகொண்ட வெளிவேடக்காரரைக் குறிக்கும் கிரேக்கச் சொல் மேடை நடிகரையும் குறிக்கும். ஆயினும் நோன்பிருக்கும்போது முகத்தை வாடவைத்துக் காட்டாமல், கழுவிக்கொள்ளுமாறு அவரே பணித்தார் (மத் 6:16-18). எனவே ஒப்பனை குற்றமன்று. பிறர் பார்வையிலேயே தன் மதிப்பைத் தேடுவதுதான் குற்றம். காவியுடுத்தி நடைப்பயணம் செல்வோர் இடும் படத்திற்கும் இவ்வளவுகோல் பொருந்தும்.

பெற்றோரே, உங்கள் மகள் வெளுப்பாக்கிய படத்தைக் காட்டும்போது அவளைக் கடிந்துகொள்ளாதீர்கள். வீட்டில் அவள் நிறத்தைக் குறைகூறிய சொற்கள் எவை என்று முதலில் எண்ணிப்பாருங்கள். வேடம் பெரும்பாலும் அங்கேதான் தைக்கப்படுகிறது.