போனவளும் நின்றவளும்

1985-இல் வந்த ‘ஷீ-ரா’ கார்ட்டூன் பொம்மை விற்கப் பிறந்தது. ‘ஹீ-மேன்’ பொம்மைகளைப் பையன்களுக்கு விற்ற மேட்டல் நிறுவனத்துக்குப் பெண் குழந்தைகளின் சந்தையும் வேண்டியிருந்தது. அதற்காக அவனுக்கு ஓர் இரட்டைத் தங்கையை உண்டாக்கினார்கள். பொம்மையோடு சீப்பும் தந்தார்கள். 2018-இல் என்.டி. ஸ்டீவன்சன் பொறுப்பில் அதே கதை நெட்ஃப்ளிக்ஸில் புதிதாக வந்தபோது, நாயகி போதுமான அளவு கவர்ச்சியாக இல்லை என்று வளர்ந்த ஆண்கள் சிலர் சண்டைக்கு வந்தார்கள். அந்தச் சண்டை கிடக்கட்டும். என்னை உறுத்துவது கேட்ரா.

பழைய தொடரில் அவள் பொறாமைக்கார வில்லி, அவ்வளவுதான். புதியதில் அவளும் அடோராவும் ஒரே படைமுகாமில் தாய் தகப்பன் இல்லாமல் சேர்ந்து வளர்ந்தவர்கள். வளர்த்த ஷேடோ வீவர் ஒருத்தியைத் தூக்கிவைத்தாள், மற்றவளை மிதித்தாள். தன் படை ஓர் ஊரை அழிப்பதைக் கண்ணால் பார்த்த அடோரா எதிர்ப்பக்கம் போய்விடுகிறாள். கூப்பிட்டும் கேட்ரா வரவில்லை. அடோரா செய்தது சரிதான். ஆனால் அவள் போனபின் அந்த முகாமில் அடி யார்மேல் விழும்?

எங்கள் அண்ணாகிராமம் பக்கத்தில் இதற்குப் பதில் எல்லோருக்கும் தெரியும். அக்கா தன் விருப்பப்படி கல்யாணம் செய்துகொண்டு போனால் தங்கச்சியின் செல்போன் பறிபோகும். கடலூரிலோ சிதம்பரத்திலோ கல்லூரியில் சேரவிருந்தவள், “உங்கக்கா பண்ண வேலைக்கு நீ எங்கயும் போவ வேணாம்” என்ற ஒரு வார்த்தையில் முந்திரிக்கொட்டை உடைக்க உட்காருவாள். அந்தத் தோட்டின் எண்ணெய் விரல்தோலை அரித்துவிடும்.

போனவள்மேல் குற்றம் இல்லை, குற்றம் அடிக்கிறவர்களுடையது. அக்காவைத் திட்டுகிற ஊர்வாய் அதைத்தான் மறைக்கிறது. ஆனாலும் குற்றம் வேறு, கடன் வேறு. நாம் வீட்டைவிட்டு வெளியேறியவளைக் கொண்டாடுகிறோம், அவளைப் பற்றி எழுதுகிறோம். பின்னால் நின்றவளுக்கு நம் புத்தகங்களில் பக்கம் குறைவு. அவள் கசந்துபோய்ப் பேசினால் ஆணாதிக்கத்தின் கையாள் என்றும் சொல்லிவிடுகிறோம்.

கேட்ராவும் கசந்துபோய் உலகத்தையே அழிக்கப் பார்த்தவள்தான். அதற்குத் தொடர் சப்பைக்கட்டு கட்டவில்லை. இருந்தும் ஐந்தாம் பருவத்தில் அடோரா அவளை மீட்க எதிரியின் கப்பலுக்கே திரும்பிப் போகிறாள். அது காதல் என்று இருவரும் சொல்லிக்கொள்வது அதற்கும் பிறகுதான்.

எனக்கு ஒப்பாதது ஷேடோ வீவரின் முடிவு. பிள்ளைகளைக் காப்பாற்றி உயிரை விடுகிறாள். அதனால் விழுந்த அடி இல்லையென்று ஆகுமா? கேட்ரா அவளுக்காக அழுகிறாள். அதை மட்டும் பொய் என்று என்னால் சொல்ல முடியவில்லை. அடித்த கைக்காக அழுகிற பெண்களை இழவு வீடுகளில் பார்த்திருக்கிறேன்.