விரஜையும் கெடிலமும்

புதுவையில் 1914 முதல் 'ஆர்யா' இதழில் வேத ஆராய்ச்சி எழுதிய ஸ்ரீ அரவிந்தர், ஸரஸ்வதியை உள்ளத்தில் பெருகும் தெய்விகத் தூண்டுதலாகக் கண்டார். மொழியறிஞரோ, ஈரானியரின் அவெஸ்தா கூறும் ஹரஹ்வைதி என்னும் பெயரை ஸரஸ்வதியின் உடன்பிறப்பாகக் கொண்டு, அதனைத் தென் ஆப்கானிஸ்தானத்தில் காட்டுவர். நம் ஸப்தஸிந்துவுக்கு அவர்களிடம் ஹப்தஹிந்து என்று பெயர். நிலத்து ஆறு மெய்யாயின், நெஞ்சத்து ஆறு பொய்யாகாதோ என்னில், ஆகாது.

புதுவைக்குத் தெற்கேயுள்ள திருவஹீந்திரபுரத்தை நோக்குவோம். தேவநாதனின் தாகம் தீர்க்கப் பெரிய திருவடி கொணர்ந்த விரஜா தீர்த்தமே கருடநதியாகிய கெடிலம் என்பது தலபுராணம். விரஜை, அர்ச்சிராதி மார்க்கத்தில் முக்தன் கடக்கும் ஆறு. எந்த நிலப்படத்திலும் இல்லை. கெடிலமோ கண்முன்னே ஓடிக் கடலூரருகே கடலிற் கலக்கிறது. முன்னோர் இவ்விரண்டையும் இணைத்தது அறியாமையால் அன்று. காணாததற்கு வாயிலாகக் காண்பதை நமக்குத் தந்தனர். ஆறு என்னும் தமிழ்ச்சொல்லுக்கே வழி என்றும் பொருளுண்டன்றோ?

ஆகையால் நிலப்படத்துக்கு நாம் அஞ்ச வேண்டா. விரஜை என்றாலே மாசற்றது. அதனை நம்மால் மாசுபடுத்த இயலாது. கெடிலத்தை இயலும். விரஜையைக் கடக்க வேண்டி நிற்கும் நாம் கெடிலத்தில் கழிவைச் சேர்ப்போமாயின், நம் விசுவாசம் பொய்யாவது அவ்விடத்திலேயாம்.