ஈ காட்டிய வித்தை

1910இல் இங்கிலாந்தில் பெர்சி ஸ்மித் எடுத்த மௌனப் படம் 'தி அக்ரோபாட்டிக் ஃப்ளை'. வித்தைக்கார ஈ என்று தமிழில் சொல்லலாம். லண்டனில் கல்வி வாரிய எழுத்தராக இருந்த ஸ்மித், சார்ல்ஸ் அர்பன் என்ற தயாரிப்பாளருக்காக இயற்கையைப் படம்பிடித்தவர். சில நிமிடங்களே ஓடும் இந்தப் படத்தில், மல்லாந்திருக்கும் ஈ தீக்குச்சியைச் சுழற்றுகிறது, பந்தை உருட்டுகிறது, இன்னொரு ஈயையும் கால்களில் தாங்குகிறது. யாருக்கும் சிரிப்பு வரும்.

ஈயை வதைத்தார்களா என்று அப்போதே கேட்டார்கள். அதற்குத் தீங்கு நேரவில்லை என்றார் ஸ்மித். அதை நான் நம்புகிறேன். என் சங்கடம் வேறு.

ஈ வித்தை காட்டவில்லை, நடக்கிறது. உடலைப் பிடித்துவைத்திருப்பதால் அது நகர முடியவில்லை; காலடியில் பந்துதான் நகர்கிறது. இன்றைய நரம்பியல் ஆய்வகங்களிலும் பழ ஈயை ஒட்டிவைத்து, காற்றில் மிதக்கும் சிறு பந்தின்மேல் நடக்கவிடுகிறார்கள். அங்கே அதை நடை என்றே சொல்கிறார்கள்.

வலிக்கவில்லை என்பதோடு நம் கடன் தீர்ந்துவிடுமா? ஓர் உயிரைக் காட்டிப் பாடம் நடத்துகிறவர், அந்த உயிர் உண்மையில் என்ன செய்கிறது என்பதையும் சொல்ல வேண்டாமா?

வித்தை என்ற பெயர் இல்லாவிட்டால், ஈயைக் கண்டால் அடிக்கிற கூட்டம் அதைச் சில நிமிடம் உற்றுப் பார்த்திருக்காது. அதனால் அந்தப் பெயரைப் பொறுத்துக்கொள்ளலாம். பார்த்து முடித்த பிறகும் அதையே உண்மையென்று வைத்துக்கொள்வதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.