காலத்தை அளக்கும் கருவி

ஸ்ரீமதே ராமாநுஜாய நம:

காலம் ஓடுகிறது என்று நாம் அனைவரும் சொல்கிறோம். ஓடும் பொருளுக்கு ஒரு வேகம் இருந்தாக வேண்டும். பேருந்து மணிக்கு இத்தனை கிலோமீட்டர் என்கிறோம். ஆற்றுநீர் விநாடிக்கு இத்தனை கன அடி என்கிறோம். இவ்விரண்டையும் அளக்கக் காலமே துணை நிற்கிறது. அப்படியாயின் காலத்தின் ஓட்டத்தை எதைக்கொண்டு அளப்பது? ஒரு நாழிகைக்கு ஒரு நாழிகை வீதம் ஓடுகிறது என்றால், ஒரு ரூபாயின் விலை ஒரு ரூபாய் என்று சொன்னது போலாகும். காலத்தின் ஓட்டத்தையே காட்டும் கருவி ஒன்று இருக்குமாயின், அது எதைக் காட்டும்?

முன்னோரிடம் நாழிகை வட்டில் இருந்தது. அடியில் நுண்ணிய துளையிட்ட செப்புக் கிண்ணத்தை நீரில் மிதக்கவிடுவர். நீர் புகுந்து கிண்ணம் மூழ்கினால் ஒரு நாழிகை. இன்றைய கணக்கில் 24 நிமிடம். பகலும் இரவுமாக அது 60 முறை மூழ்க வேண்டும் என்பது ஸூர்ய ஸித்தாந்தம் கூறும் இலக்கணம். கூர்ந்து நோக்கினால், அக்கருவி அளப்பது நீரின் புகுதலையே. காலம் அதற்குப் பிடிபடுவதில்லை.

நாம் வளர்ந்த இராஜபாளையத்தில் பஞ்சாலைச் சங்கொலியே கடிகாரம். அது வேலைமுறையை அளந்தது. அங்கிருந்து பேருந்தில் அரை மணி தொலைவிலுள்ள ஸ்ரீவில்லிபுத்தூரிலோ வேறோர் அளவை இருந்ததாகப் பெரியோர் சொல்லக் கேட்டிருக்கிறோம். நாச்சியாருக்குத் திருவாராதனம் முடிந்ததை அறிந்த பின்பே அமுது கொள்வது என்றிருந்த திருமலை நாயக்கர், மதுரை வரை வழிநெடுக மண்டபங்கள் அமைத்து, ஓசையை ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குக் கடத்தச் செய்தாராம். அவருக்கு நண்பகல் என்பது சூரியன் உச்சிக்கு வரும் வேளையன்று. ஆண்டாளின் ஆராதனம் நிறைவுறும் வேளை.

வணிகவியல் பயின்று வங்கியில் பணியாற்றிய நாமும் ஒரு கருவி வைத்திருந்தோம். அதன் பெயர் வட்டி. 2010 ஏப்ரல் 1-க்கு முன், சேமிப்புக் கணக்கில் மாதத்தின் 10-ஆம் தேதிக்கும் கடைசி நாளுக்கும் இடையே இருந்த குறைந்தபட்ச இருப்புக்கே வட்டி. 11-ஆம் தேதி ஒருவர் செலுத்திய தொகைக்கு அம்மாதம் வட்டி கிடையாது. பணம் வங்கியில் இருந்தது மெய். ஆனால் கணக்கைப் பொறுத்தவரை அந்த நாள்கள் நிகழவே இல்லை.

அத்தகைய நாள்கள் நம் வாழ்விலும் உண்டு. மார்கழி எண்ணெய்க்காப்பு உத்ஸவத்தில் நாச்சியாரை ஸேவிக்க வேண்டும் என்று நம் தாயார் ஆண்டுதோறும் கேட்பார். "டிசம்பர்க் கணக்கு முடியட்டும் அம்மா, தை பிறந்ததும் போகலாம்" என்போம். "சரிப்பா, உன் வேலையைப் பார்" என்பார். கணக்கு ஒவ்வோர் ஆண்டும் பைசா பிசகாமல் முடிந்தது; மார்கழியும் உடன் முடிந்தது. ஓராண்டு, தை பிறக்குமுன் தாயார் ஆசார்யன் திருவடி அடைந்தார். அரை மணிப் பயணம். அதற்கு நம்மிடம் நேரம் இல்லாதிருந்தது.

பின்னர் திருப்பாவையை ஸேவிக்கும்போது ஒன்று உறைத்தது. சுக்கிரன் எழுந்ததையும் வியாழன் மறைந்ததையும் ஆண்டாள் குறிப்பிடுகிறாள். அதைக்கொண்டு மு. இராகவையங்கார் போன்ற அறிஞர் கி.பி. 731 என்று ஆண்டையே கணித்தனர். ஆனால் நாச்சியார் வானத்தைப் பார்த்து நேரம் சொன்னது எதற்காக? உறங்கும் தோழியையும் உடன் அழைத்துச் செல்வதற்காக. நாமோ நாள்காட்டியைக் காட்டி, விழித்துக் காத்திருந்தவரை நிறுத்தி வைத்தோம்.

திருவிடவெந்தைப் பதிகத்தில் திருமங்கையாழ்வார் தாய் நிலையில் நின்று, மகளான பரகாலநாயகியின் ஆற்றாமையை எம்பெருமானிடம் விண்ணப்பிக்கிறார். அம்மகளுக்கு ஒரு நாழிகை ஊழியையும் விஞ்சி நீள்கிறது. அந்த இரவிலும் நாழிகை வட்டில் 24 நிமிடத்தில்தான் மூழ்கியிருக்கும். வட்டில் காட்டாததை அவள் நெஞ்சு காட்டியது: அவனுக்கும் தனக்கும் இடையேயுள்ள தூரத்தை. நாம் தேடிய கருவி இதுவே என்று தோன்றுகிறது. தாயார் கழித்த மார்கழிகளின் நீளத்தை நம் கணக்கேடு எப்படிக் காட்டும்?

இதனால் காலம் வெறும் மனத்தோற்றம் என்று கொள்ளலாகாது. பிள்ளை லோகாசார்யர் தத்வத்ரயத்தில் அசித்தை மூன்றாக வகுத்து, காலத்தை ஸத்வசூந்யம் என்று தனித்தே வைத்தருளினார். நம் ஸித்தாந்தத்தில் காலம் மெய்யான பொருள். ஆகவே இழப்பும் மெய்யானது. வங்கியில் பிழையான பதிவுக்கு எதிர்ப்பதிவு எழுதிச் சரிசெய்யலாம். போன மார்கழிக்கு எதிர்ப்பதிவு இல்லை.

பின் என்ன கதி? முதல் திருவந்தாதியில் பொய்கையாழ்வாரும் வீணே கழிந்த பகல்களை எண்ணி அஞ்சி அழுகிறார். ஆனால் அழுகையோடு நின்றுவிடாமல், அரவணைமேல் துயில்பவனைக் கண்டு தொழுகிறார். கழிந்த நாள்கள் அவருக்கும் திரும்பவில்லை; எஞ்சிய நாள் அவனுடையதாயிற்று.

ஸ்ரீவில்லிபுத்தூரில் அரவணைமேல் பள்ளிகொண்ட பெருமானுக்குத் திருநாமம் வடபத்ரசாயி. பிரளயத்தில் சூரிய சந்திரர்களும், அவர்களைக்கொண்டு எண்ணிய நாளும் ஆண்டும் ஒடுங்கிய பின், ஆலிலைமேல் குழந்தையாய்க் கண்வளர்ந்தவன் அவன். எல்லா அளவைகளும் மூழ்கிய வெள்ளத்தில் மூழ்காதவன் அவன் ஒருவனே. நாம் மறந்த நாள்களும் அவன் திருவயிற்றில் உலகங்களோடு ஒடுங்கியிருந்தவையே என்று எண்ணும்போது நெஞ்சு சற்றே தேறுகிறது.

இப்போது மார்கழிதோறும் விடியுமுன் இராஜபாளையத்திலிருந்து முதல் பேருந்தில் புறப்படுகிறோம். தெருவில் தனித்து வாழும் முதிய அம்மையார் இருவர் உடன் வருகின்றனர். நம் பெரியோர் க்ரந்தங்களைக் கேட்டுப் பொழுது போக்குவதற்குக் 'காலக்ஷேபம்' என்று பெயரிட்டார்கள். காலம் எப்படியும் போகத்தான் போகிறது. யாரோடு, யாரை நோக்கிப் போக்கினோம் என்பதே கணக்கு. கடல் கடந்து வாழும் அடியார்களே, உங்களிடமும் யாரேனும் ஒருவர் அரை மணி கேட்டுக் காத்திருக்கக்கூடும். கணக்கு முடியும்வரை அவரை நிறுத்தி வைக்க வேண்டாம்.

ஆண்டாள் திருவடிகளே சரணம்.