ஸ்தாபகர் என்னும் பட்டம்

மாம்பழக் காலத்திலே கொடிகாமம் சந்தைக்குப் போய்வந்தவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். பழம் வாங்குகிறவர் அது எந்தக் காணியிற் காய்த்தது என்று கேட்பார். அந்த மரம் கன்றாய் நின்ற நாளில் அதற்குத் தண்ணீர் ஊற்றியவர் யார் என்று கேட்கமாட்டார். சந்தைக்கு அந்தக் கேள்வி வேண்டியதில்லை. மனிதருக்கு அது வேண்டுமா, வேண்டாமா என்பதே நாம் இங்கு ஆராய விரும்பும் பொருள்.

அண்மையில் நம்மிடம் ஒரு வழக்கு வந்தது. வழக்காளிகள் மூவரும் நம்மிடம் படித்த இளைஞர்கள். ஒரு சிறிய அறையில் மூவருமாய் இரவு பகலாக இருந்து கணினிச் செயலி ஒன்றை உருவாக்கினார்கள். எட்டு மாதங்கள் சென்றதும் அவர்களில் ஒருவன் கொழும்பிலே சம்பள வேலைக்குப் போய்விட்டான். பின்னர் முதலீட்டாளர் ஒருவர் வந்தார், கம்பனி பதிவாயிற்று, பத்திரத்தில் இரண்டு பெயர்களே இருந்தன. “அவன் இடையில் விட்டுப் போனவன், ஸ்தாபகன் ஆகமாட்டான்” என்றனர் இருவர். “பணம் வேண்டாம், என் பெயரை ஏன் அழித்தீர்கள்?” என்றான் மூன்றாமவன்.

இது நம் ஊருக்கு மட்டும் உரிய பிணக்கு அன்று. மின்சாரக் கார் செய்யும் டெஸ்லாக் கம்பனியை 2003 ஆம் ஆண்டிற் பதிவுசெய்தவர்கள் எபர்ஹார்ட், டார்பெனிங் என்னும் இருவர். பெரும் முதலீட்டுடன் மஸ்க் வந்து சேர்ந்தது 2004 இல். ஸ்தாபகர் யார் என்பது 2009 இல் நீதிமன்றம் வரை சென்று, அதே ஆண்டிற் சமரசமாக முடிந்தது. ஐந்து பேர் தம்மை ஸ்தாபகர் என்று சொல்லிக்கொள்ளலாம் என்பது உடன்பாடு. ஸ்னப்சட் கம்பனியில், மறைந்துபோகும் படம் என்ற எண்ணத்தை முதலிற் சொன்ன மாணவ நண்பர் பிரவுண் 2013 இல் வழக்கிட்டார். அடுத்த ஆண்டு அவரது பங்களிப்பைக் கம்பனி ஏற்றுக்கொண்டது. அதற்குக் கொடுத்த தொகை 157.5 மில்லியன் டொலர்.

இவற்றை ஆழ்ந்து நோக்கினால் ஓர் உண்மை புலப்படும். பங்கு என்பது வேறு, ஸ்தாபகர் என்னும் பெயர் வேறு. பங்கைப் பேரம் பேசலாம், விற்கலாம், விட்டுக்கொடுக்கலாம். பெயரோ நடந்த ஒன்றைப் பற்றிய சாட்சியம். இன்ன நாளில் இன்னார் இன்னது செய்தார் என்பதை எந்த உடன்படிக்கையாலும் உண்டாக்கவோ இல்லாமற் செய்யவோ இயலாது. ஆயினும் இன்றைய பொருளாதார அமைப்பிலே சரித்திரமும் ஒரு சரக்காகிவிட்டது. பணமுள்ளவர் அதையும் வாங்குகிறார். பணமில்லாதவர் அதையும் இழக்கிறார்.

இதற்கு ஒரு மறுப்பு உண்டு. “உழைத்தவர் எல்லோரும் ஸ்தாபகர் என்றால் அந்தச் சொல்லுக்குப் பொருள் ஏது? முடிவு தெரியாத காலத்தில், நட்டம் வந்தாலும் வரட்டும் என்று துணிந்து நின்றவரே ஸ்தாபகர்” என்பார்கள். இது தள்ளிவிடக்கூடிய வாதம் அன்று. ஆனால், அந்தத் துணிவுக்கு யார் என்ன விலை கொடுக்கவேண்டியிருந்தது என்றும் கேட்டுப் பார்க்கவேண்டும்.

1976 ஏப்ரல் 1 ஆம் திகதி அப்பிள் கம்பனியின் கூட்டுப் பத்திரத்தில் ஒப்பமிட்டவர் மூவர்: ஜொப்ஸ், வொஸ்னியாக், ரொனால்ட் வெயின். பன்னிரண்டு நாட்களில் வெயின் தமது பத்து வீதப் பங்கை 800 டொலருக்கு விட்டு விலகினார். கூட்டு நட்டப்பட்டால் கடன்காரர் பறிப்பதற்கு மூவரில் அவரிடந்தான் சொத்து இருந்தது. வெயின் விலகியது சொத்து இருந்ததால். நம் மாணவன் விலகியது சொத்து இல்லாததால். அவன் தகப்பனார் கூலி வேலை செய்பவர். எட்டு மாதம் சம்பளமின்றி இருந்ததே அவன் வீட்டுக்குப் பெரும் முதலீடு. மற்ற இருவரும் ஈராண்டு காத்திருக்க முடிந்தது, வீட்டில் அடுப்பு எரிந்ததால். வசதியைத் துணிவு என்றும் வறுமையைக் கைவிடுதல் என்றும் பெயரிட்டு அழைப்பது எவ்வகை நீதி? வெயின் பங்கை விட்டார். ஆயினும் இன்றும் அவரை உலகம் அப்பிள் ஸ்தாபகர் மூவரில் ஒருவர் என்றே சொல்கிறது.

யாழ்ப்பாணத்துக் காணி உறுதிகளிலே கிணற்றுப் பங்கும் வாய்க்கால் உரிமையும் எழுதப்படுவதை நாம் அறிவோம். யாருக்கு எந்த முறை என்பதில் நம்மவர் அவ்வளவு கண்டிப்பானவர்கள். ஆனால் பாறையை உடைத்துக் கிணறு வெட்டியவரின் பெயர் எந்த உறுதியில் உண்டு? வெட்டிய கைகளிற் பல, சாதியின் பெயரால், அதே நீரை அள்ளவும் தடுக்கப்பட்டன. சமூகக் குறைபாடுகளைத் தடுக்கும் சட்டம் 1957 இல் வந்த பின்னரும் அந்தத் தடை உடனே நீங்கிவிடவில்லை. பத்திரம் சொல்லாத சரித்திரம் ஒன்று உண்டு என்பதை மறந்த சமூகம் புதிய தொழிலிலும் பழைய அநீதியையே செய்யும்.

எனவே நாம் அந்த இளைஞர்களுக்குச் சொன்னது இதுதான். பங்கைக் கணக்குப் பார்த்துப் பிரியுங்கள்; தங்கி உழைத்தவருக்குக் கூடுதலாக இருக்கட்டும். பெயரைக் கணக்குப் பார்க்காதீர்கள், உண்மையாக எழுதுங்கள். இனித் தொழில் தொடங்குவோர் முதல் நாளிலேயே யார் என்ன செய்கிறார் என்று எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஸ்தாபகர் அல்லாதவரையும் மறவாதீர்கள். அப்பிள் பங்குகள் 1980 இற் சந்தைக்கு வருமுன், பங்கு கிடைக்காத தொடக்கக்காலத் தோழர்களுக்கு வொஸ்னியாக் தமது பங்கிலிருந்தே கொடுத்தார். எந்தச் சட்டமும் அவரை அதற்குக் கட்டாயப்படுத்தவில்லை.

மூன்றாமவனின் பெயரைச் சேர்ப்பதா என்று மற்ற இருவரும் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறார்கள். சேர்த்தால் அவர்களுக்கு ஒரு சதமும் குறையப்போவதில்லை. குறையாத ஒன்றைக் கொடுக்கவும் மனம் ஏன் தயங்குகிறது என்பதை அவர்கள் தம்மிடமே கேட்டுக்கொள்ளட்டும். நாமும் நம்மிடம் கேட்டுக்கொள்வோம்.