முன்னால் நிற்பவள்

பேட்மிண்டனில் கலப்பு இரட்டையர் ஆடுகிறவருக்குத் தனக்கே தனக்கென்று ஒரு வெற்றிப் பட்டியல் கிடையாது. எந்த வரியை எடுத்தாலும் பக்கத்தில் இன்னொரு பெயர் இருக்கும். ஜ்வாலா கட்டா என்றால் வி. டிஜு. டிஜு என்றால் ஜ்வாலா. விடியற்காலையில் எழுந்து ஓடியது, தோள் வலிக்க ஆடியது எல்லாம் அவரவர் உடம்பு பட்ட பாடு. பலனை எழுதும்போது மட்டும் கூட்டுப் பட்டா. இதில் யாருக்கு நஷ்டம் என்று கொஞ்ச நாளாக மனசுக்குள் உருட்டிக்கொண்டிருக்கிறேன்.

*

எங்கள் ஊரான பூதிகோட்டையில் வெட்டவெளியில் ஷட்டில் ஆடுவது காற்றின் தயவில் ஆடுவது. ஒரு ஷட்டிலில் 16 இறகுகள். மொத்த எடை ஐந்து கிராமுக்கு முன்னே பின்னே, 5.50-ஐத் தாண்டக் கூடாது. சாயங்காலம் கோட்டைக் குன்றுப் பக்கமிருந்து காற்று கிளம்பினால் அடித்தவன் ஒரு திசையில் நிற்பான், ஷட்டில் வேறு திசையில் போகும். அதனால்தான் தெற்கே பள்ளிக்கூடத் திடல்களில் பூப்பந்து வேரூன்றியது என்பது என் கணிப்பு. மஞ்சள் கம்பளிப் பந்து, 27 அல்லது 28 கிராம். காற்றைச் சட்டை செய்யாது. அணிக்கு ஐந்து பேர். தஞ்சாவூர் அரண்மனையில் 1856 வாக்கில் தொடங்கிய ஆட்டம் என்பார்கள். ஐந்து பேர் நிற்கிற களத்தில் தவறு யாருடையது என்று யாரும் கேட்பதில்லை. பழி பங்கு போட்டுக் கரைந்துவிடும். இரண்டு பேர் மட்டும் நிற்கிறபோது அதற்கு வழியில்லை.

ஹைதர் அலி பிறந்த ஊர் என்பதற்காக எப்போதாவது யாராவது வந்து கோட்டைச் சுவரைப் படம் எடுத்துக்கொண்டு போவார்கள். மற்ற நாட்களில் தெரு பிள்ளைகளுக்குச் சொந்தம். எங்கள் தெருவில் ஓர் அண்ணனும் தங்கையும் எதிர்வீட்டுப் பையன்களோடு ஆடுகிறார்கள். துணி காயப்போடுகிற கயிறுதான் வலை. பிளாஸ்டிக் ஷட்டில். அண்ணன் தங்கையிடம் இரண்டு மட்டைகள், அதில் ஒன்றுக்கு நரம்பு தளர்ந்துவிட்டது. தங்கை முன்னால் நிற்கிறாள். ஷட்டில் வரும்போதெல்லாம் அண்ணன் பின்னாலிருந்து "விடு, விடு!" என்று கத்துகிறான். அவள் விடுகிறாள். அவனும் விட்டுவிடுகிறான். உடனே, "உனக்கு வந்தத நீதானடி எடுத்திருக்கணும்!" என்கிறான். அவள் பதில் சொல்லாமல் ஷட்டிலைப் பொறுக்கப் போகிறாள்.

உலகத் தரத்தில் ஆடும் ஜோடிகளுக்கும் இதே வழக்குதான். அவர்கள் அதைப் புள்ளி முடிந்தபிறகு கண்ணாலேயே பேசி முடித்துவிடுகிறார்கள்.

*

களத்தின் நீளம் 13.40 மீட்டர், இரட்டையருக்கு அகலம் 6.10. அதில் பாதிதான் ஒரு ஜோடிக்கு. அந்தப் பாதிக்குள் ஆண் பின்னால், பெண் முன்னால். எந்த விதிப் புத்தகத்திலும் இப்படி எழுதியிருக்கவில்லை. பின்னாலிருந்து பலமாக அடிக்க அவன், வலையோரம் வெட்டி முடிக்க அவள் என்று பழக்கத்தில் வந்த ஏற்பாடு. எதிராளியின் திட்டமும் இதிலிருந்தே பிறக்கிறது: அவளைப் பின்னுக்குத் தள்ளு, அவனை முன்னுக்கு இழு, இரண்டு பேரும் இடம் மாறுகிற அந்த ஒரு கணத்தில் நடுவில் போடு.

சர்வீஸைக் கவனித்துப் பார்த்தால் இன்னொன்று தெரியும். ஆண் சர்வீஸ் போடும்போதும் பெண் அவனுக்கு முன்னால்தான் நிற்கிறாள். ஆகவே அவன் வழக்கத்தைவிட ஓரிரண்டு அடி பின்தள்ளி நின்று போட வேண்டியிருக்கிறது. ஷட்டில் வலைக்குப் போய்ச் சேரக் கூடுதல் நேரம். எதிரில் நிற்பவனுக்குப் பாய்ந்து வரக் கூடுதல் அவகாசம். இந்தச் சங்கடம் ஆண்கள் இரட்டையரிலோ பெண்கள் இரட்டையரிலோ இல்லை.

முன்னால் நிற்பவளுக்குப் பயிற்சியாளர்கள் சொல்லித்தரும் முதல் பாடம், திரும்பிப் பார்க்காதே. மட்டையை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடி, கண் எதிராளி மேல் இருக்கட்டும். திரும்பினால் அடுத்த ஷட்டில் தப்பும், இல்லாவிட்டால் முகத்தில் படும். பின்னால் தன் ஜோடி எங்கே இருக்கிறான், எவ்வளவு மூச்சு வாங்குகிறான், ஸ்மாஷ் அடிக்கப் போகிறானா, மெல்லப் போடப் போகிறானா என்பதை அவள் காதால் தெரிந்துகொள்கிறாள்: காலடி ஓசை, மட்டையில் ஷட்டில் படுகிற சத்தம்.

எங்கள் பக்கத்துத் தங்கவயலில் சுரங்கக் கூண்டை ஏற்றி இறக்கிய வைண்டிங் இன்ஜின் டிரைவர்கள் இப்படித்தான் வேலை பார்த்தார்கள். அங்கே சாம்பியன் ரீஃப் சுரங்கத்தின் ஆழம் மூன்று கிலோமீட்டருக்கு மேல். கூண்டுக்குள் நிற்கிற ஆட்களை டிரைவர் பார்க்க முடியாது. மணிதான் பேசும். எத்தனை மணி அடித்தால் தூக்க வேண்டும், எத்தனைக்கு நிறுத்த வேண்டும் என்று கணக்கு. அந்த மணியை நம்பித்தான் 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கம் மூடுகிற வரையில் தலைமுறை தலைமுறையாக ஆட்கள் இறங்கினார்கள். நம்பிக்கை என்பதை நான் ஓர் உணர்ச்சியாக நினைப்பதில்லை. எண்ணிப் பழகிய மணி அது.

*

ஜ்வாலா 1983-ல் வார்தாவில் பிறந்தார். தந்தை தெலுங்கர், தாய் யேலன் சீனர். ஹைதராபாத்தில் எஸ்.எம். ஆரிஃபிடம் ஆடக் கற்றார். இடது கைக்காரர். தேசியப் பட்டங்கள் 14. டிஜு கோழிக்கோட்டுக்காரர். ஆட்டத்துக்கு வெளியே இந்த இரண்டு பேரையும் சேர்த்துவைக்க எந்தக் காரணமும் இல்லை.

2009 அவர்களுடைய ஆண்டு. ஹைதராபாத்தில் நடந்த உலக சாம்பியன்ஷிப்பில் காலிறுதி வரை போனார்கள். சீன தைபே கிராண்ட் பிரீ கோல்ட் பட்டத்தை வென்றார்கள். டிசம்பரில் ஜொகூர் பாருவில் சூப்பர் சீரிஸ் மாஸ்டர்ஸ் இறுதிப்போட்டி. அந்த ஆண்டு முழுக்க நன்றாக ஆடிய எட்டு ஜோடிகளை மட்டும் அழைக்கிற போட்டி அது. அதிலும் கடைசி ஆட்டம் வரை வந்து, டென்மார்க்கின் யோவாகிம் ஃபிஷர் நீல்சன், கிறிஸ்டின்னா பெடர்சன் ஜோடியிடம்தான் தோற்றார்கள். உலகத் தரவரிசையில் 6-ஆம் இடம் வரை ஏறினார்கள். ஒற்றையர் ஆடிய சாய்னாவின் பெயரை மட்டுமே நாடு உச்சரித்துக்கொண்டிருந்த காலம். செய்திகளில் இவர்களுக்குக் கிடைத்த இடம் கடைசிப் பத்தி.

ஜ்வாலாவின் ஆட்டத்தில் எனக்குப் பிடித்தது அவசரமின்மை. கால்கள் அவ்வளவு வேகமில்லை என்று விமர்சித்தார்கள். விமர்சனத்தில் நியாயம் உண்டு. ஆனால் கை வேறு. வலையை உரசிக்கொண்டு வரும் ஷட்டிலை எல்லோரும் தட்டப் பாய்கிற நேரத்தில் அவர் மட்டையைச் சற்றே நிறுத்தி, எதிராளி ஒரு பக்கம் சாய்ந்தபிறகு மறுபக்கம் வைப்பார். அடித்தார் என்று சொல்ல முடியாது, வைப்பார். பின்னால் டிஜு தன் ஸ்மாஷால் எதிராளியை இறக்கிவைத்திருப்பார். கைத்தட்டல் கடைசியாகத் தொட்டவருக்கு. சில ரேலிகளில் அது அவர், சில ரேலிகளில் இவர். அந்தக் கணக்கை மைதானத்தில் யாரும் வைத்துக்கொள்வதில்லை.

பிறகு டிஜுவின் முதுகு மக்கர் செய்தது. ஜோடி கொஞ்ச காலம் நின்றுபோனது. இந்த இடத்தில்தான் நான் நெடுநேரம் நின்றேன். ஒற்றையர் ஆடுகிறவருக்குத் தன் முழங்கால், தன் தோள், தன் விதி. இங்கே ஒருத்தியின் உச்ச வருடங்கள் இன்னொருவனின் முதுகெலும்பில் இருக்கின்றன. அவள் நன்றாகத் தூங்கினாள், சரியாகச் சாப்பிட்டாள், உடற்பயிற்சியைத் தவறவிடவில்லை. எதுவும் உதவாது. அந்த நாட்களில் ஜ்வாலாவை மிதக்கவைத்தது அஸ்வினி பொன்னப்பாவோடு ஆடிய பெண்கள் இரட்டையர்: 2010 டெல்லி காமன்வெல்த்தில் தங்கம், 2011 லண்டன் உலக சாம்பியன்ஷிப்பில் வெண்கலம். கலப்பு இரட்டையரில் எட்டிய உயரத்துக்கு அவர் மறுபடி வரவில்லை.

தமிழ்நாட்டில் பலருக்கு அவர் நடிகர் விஷ்ணு விஷாலின் மனைவி. அங்கேயும் பக்கத்தில் ஒரு பெயர்.

*

லண்டன் 2012. ஒரே ஒலிம்பிக்கில் பேட்மிண்டனின் இரண்டு பிரிவுகளுக்குத் தகுதி பெற்ற முதல் இந்தியர் ஜ்வாலா. கலப்பு இரட்டையரில் அவரும் டிஜுவும் விழுந்த குழுவில் இந்தோனேசியாவின் தொண்டோவி அஹ்மத், லிலியானா நாட்சிர். தென்கொரியாவின் லீ யோங் டே, ஹா ஜுங் யுன். டென்மார்க்கின் தாமஸ் லேபோர்ன், கமிலா ரைட்டர் யூல். மூன்றிலும் தோல்வி. பெண்கள் இரட்டையரில் இரண்டு ஆட்டம் ஜெயித்தும் புள்ளிக் கணக்கில் ஒரே ஒரு புள்ளி குறைந்து வெளியேறினார்கள்.

வலைக்கு அந்தப் பக்கம் நின்ற லிலியானாவைப் பற்றியும் எழுத வேண்டும். ஜ்வாலா நின்ற அதே இடத்தில், களத்தின் முன்பாதியில், அவரும் ஓர் ஆயுளைக் கழித்தவர். நோவா விதியாந்தோவோடு 2005-லும் 2007-லும் உலகப் பட்டம். நோவா ஓய்ந்தபிறகு தன்னைவிட இளையவரான தொண்டோவியோடு மறுபடி முதல் படியிலிருந்து தொடங்கினார். ஆல் இங்கிலாந்து 2012, 2013, 2014 என்று தொடர்ந்து மூன்று. 2013-ல் குவாங்சௌவில் சீன ஜோடியை மூன்றாவது ஆட்டத்தில் 22-20 என்று தாண்டி உலகப் பட்டம், 2017-ல் இன்னொன்று. நடுவில் 2016 ஆகஸ்ட் 17, இந்தோனேசியாவின் சுதந்திர தினத்தன்று, ரியோவில் ஒலிம்பிக் தங்கம். ஜோடி மாறியும் பட்டம் தொடர்ந்தது. அப்படியானால் அந்தப் பட்டியலின் பெரும்பகுதி அவருடையதா? நோவாவைக் கேட்டால் வேறு மாதிரி சொல்லக்கூடும், தொண்டோவி இன்னொரு மாதிரி. லிலியானா என்ன செய்தார் என்று எனக்குப் புரிகிற வரையில் சொன்னால்: ஒருவனோடு பழகிய மணிக் கணக்கை அழித்துவிட்டு, இன்னொருவனின் காலடிக்கு முதலிலிருந்து காதைப் பழக்கினார். பட்டங்களைவிட இது எனக்குப் பெரிதாகப் படுகிறது.

ஆனால் அவருக்குப் பின்னால் ஒரு நாடே வேலை செய்தது. கலப்பு இரட்டையரை அங்கே தனி வாழ்க்கையாக எடுத்துக்கொள்ளலாம். அதற்கென்று பயிற்சியாளர், அதற்கென்று ஆட்கள், மூத்தவர் ஓயும்முன் பக்கத்தில் நிறுத்திப் பழக்குகிற இளையவர்.

*

இங்கே, இந்தியாவில், கலப்பு இரட்டையர் வேலை முடிந்தபிறகு பார்க்கிற வேலை. ஆண்கள் இரட்டையரில் ஒருவரை எடு, பெண்கள் இரட்டையரில் ஒருத்தியை எடு, போட்டிக்கு முன் சேர்த்துவை. 2018-ல் நான்ஜிங் உலக சாம்பியன்ஷிப்பில் அஸ்வினியும் சாத்விக்சாய்ராஜும் காலிறுதிக்கு வந்தார்கள். அந்த வருடம்தான் கோல்ட் கோஸ்ட் காமன்வெல்த் கலப்பு அணி இறுதிப்போட்டியில், ரியோவில் வெள்ளி வென்ற சான் பெங் சூன், கோ லியூ யிங் ஜோடியை மூன்று ஆட்டத்தில் இதே இருவர் சாய்த்திருந்தார்கள். கொடவப் பெண்ணான அஸ்வினி பின்னாலிருந்து ஸ்மாஷ் அடிப்பதில் பெயர் பெற்றவர். பெண் பின்னுக்குப் போனால் ஜோடி தடுமாறும் என்ற எதிராளியின் கணக்கு அவரிடம் பொய்த்தது. எதிர்காலம் உண்டு என்று நினைத்தோம். சாத்விக் ஆண்கள் இரட்டையரில் தன் ஜோடி சிராக்கோடு உயரப் போனார். இரண்டையும் இழுத்தால் உடம்பு தாங்காது. கலப்பு கைவிடப்பட்டது. அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை.

2025-ல் பாரிஸ் உலக சாம்பியன்ஷிப்பில் துருவ் கபிலா, தனிஷா கிராஸ்டோ. மறுபடி காலிறுதி, மறுபடி அங்கேயே நின்றது. 2009, 2018, 2025. மூன்று ஜோடிகள், ஒரே படி. ஒவ்வொரு ஜோடியும் அந்தப் படிக்கு அடியிலிருந்து ஏறி வருகிறது. முந்தையவர்கள் நின்ற இடத்திலிருந்து தொடங்குவதில்லை. டிஜு கற்றது துருவுக்கு எந்த வழியாகப் போயிருக்கும் என்று யோசித்தால் எனக்கு வழி ஒன்றும் புலப்படவில்லை.

ஒலிம்பிக்கில் கலப்பு இரட்டையர் 1996-லிருந்து இருக்கிறது. அதில் இந்தியாவுக்காகக் களம் இறங்கிய ஒரே ஜோடி இன்றுவரை ஜ்வாலாவும் டிஜுவும்தான். ரியோவுக்கு யாரும் போகவில்லை, டோக்கியோவுக்கும், பாரிஸுக்கும். அடுத்தது 2028-ல் லாஸ் ஏஞ்சலஸ். அதற்கு ஒரு ஜோடியை அனுப்புவதென்றால், இரண்டு பேரில் ஒருவராவது வேறு எந்தப் பிரிவிலும் ஆடாமல் இதை மட்டுமே ஆடச் சம்மதிக்க வேண்டும். அந்தச் சம்மதத்துக்கு ஈடாக பேட்மிண்டன் சங்கம் என்ன கொடுக்கும் என்பதை இதுவரை யாரும் பேசியதாகத் தெரியவில்லை.