நீலாபநிந்த

நாட்றாம்பாளையத்தில் மாரியம்மன் பண்டிகை இரவுகளில் வாடகைக்கு டெக் எடுத்துவந்து படம் போடுவார்கள். 'லவகுசா'வை அப்படித்தான் பார்த்தேன், தெலுங்கில். 1963இல் வந்த அந்தப் படம்தான் தெலுங்கின் முதல் முழுநீள வண்ணப்படம். ராமனாக வந்த என்.டி.ராமாராவ் நீலமாக இருந்தார். சீதையாக வந்த அஞ்சலிதேவி நல்ல சிவப்பு. கருத்த என் அவ்வா அந்த நீலத்தைக் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு, மறுநாள் காலை என் கருப்பு குறையட்டும் என்று மஞ்சள் அரைத்துப் பூசினாள். சங்கப்பாட்டில் மாயோன் மட்டுமில்லை, மாயோளும் உண்டு. காதலியைப் பெருமையாகச் சொன்ன சொல் அது. மாயோன் நீலமாகித் திரையேறிவிட்டான். மாயோளை நான் எந்தப் புராணப் படத்திலும் பார்த்ததில்லை.

சீதையைப் பற்றி ஊர் பேசும் கட்டம் வந்தபோது அவ்வா, "நீலாபநிந்த" என்று முணுமுணுத்தாள். வீண்பழிக்குத் தெலுங்கில் அப்படி ஒரு பெயர். விநாயக சவிதியன்று பிறையைப் பார்த்தால் அது வந்து சேரும் என்பார்கள். அந்தக் கதையில் பழி சுமப்பவன் கிருஷ்ணன். சியமந்தக மணிக்காகக் கொலை செய்தான் என்று துவாரகை பேசியது. அவன் தானே காட்டுக்குப் போய் மணியைத் தேடிக் கொண்டுவந்து கொடுத்தான், பழி தீர்ந்தது. சீதை ஏற்கெனவே தீயில் இறங்கி எழுந்தவள். ஆனாலும் வயிற்றுப் பிள்ளையோடு காட்டில் விடப்பட்டாள். அவளை அனுப்பியவன் அரசன், பேசியவன் வண்ணான். இன்றுவரை வசவெல்லாம் வண்ணானுக்குத்தான்.

சில வருஷங்களுக்கு முன் எங்கள் தெருப் பெண் ஒருத்தி ஓசூரில் கம்பெனி வேலைக்குப் போனாள், ஹாஸ்டலில் தங்கி, நைட் ஷிப்டும் பார்த்தாள். அவளுடையது என்று ஒரு வீடியோ ஊர் போன்களில் சுற்றியது. நீலப்படம் என்கிறோம், தெலுங்கிலும் நீலி சித்ராலுதான். பெண்ணுடம்புக்கு நாம் ஒதுக்கிய நீலம் அது ஒன்றுதான் போலிருக்கிறது.

அவள் அம்மா என் வீட்டுக்கு வந்தார். "நீங்க காலேஜ்ல பாடம் நடத்துறவங்க. நீங்க பாத்துட்டு எம் பொண்ணு இல்லன்னு சொன்னா ஊர் நம்பும்க்கா."

பார்த்தேன். அவளில்லை. நாலு பேரிடம் சொன்னேன், ஊர் நம்பியது. நல்லது செய்ததாகத்தான் அன்று நினைத்தேன். பிறகுதான் உறுத்தியது. தீ மூட்டும் வேலையை என்னிடம் கொடுத்தார்கள், நானும் மூட்டியிருக்கிறேன். அவளில்லை என்றால் அது வேறு எவளோ ஒருத்தி. அவள் பார்க்கச் சொல்லி என்னிடம் வரவில்லை. அவளுக்காக நான் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. எங்கள் தெருப் பெண்ணாகவே இருந்திருந்தால்? அந்த நாலு பேரிடம் என்ன சொல்லியிருப்பேன்?

அடுத்த வாரம் அந்த அம்மா ஒரு படி ராகி கொண்டுவந்தார். வாங்கிக்கொண்டேன்.